ஹம்பிக்கு ஒரே நாள்: பேருந்தா, ஆட்டோவா, கைடா?

விஜயநகரப் பேரரசின் தலைநகராக இருந்த ஹம்பியை ஒரே நாளில் முழுதாகப் பார்க்க முடியாது. ஆனால் பெரும்பாலானவர்களுக்கு வாய்ப்பது ஒரு நாள்தான். இரவு பெங்களூரில் ஹம்பி எக்ஸ்பிரஸ் ஏறி, காலையில் ஹோஸ்பேட்டில் இறங்கி, அன்றிரவே திரும்பும் ரயிலைப் பிடிக்க வேண்டும். நடுவில் கிடைக்கும் பத்துப் பன்னிரண்டு மணி நேரத்தைச் சுற்றுலாப் பேருந்திடம் ஒப்படைப்பதா, ஆட்டோக்காரரிடமா, கைடிடமா, அல்லது சைக்கிளையோ ஸ்கூட்டரையோ வாடகைக்கு எடுத்து நாமே சுற்றுவதா என்பதுதான் கேள்வி.

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். நாள் முழுக்க ஆட்டோ, காலை அரை நாளுக்கு மட்டும் கைடு, மதியத்துக்கு மேல் ஆற்றோரமாக ஒரு நடை. நடக்கத் தெம்புள்ளவர்களுக்கு இதைவிடப் பொருத்தமான ஏற்பாடு இல்லை. ஏன் என்பது ஊர் அமைந்திருக்கும் விதம் தெரிந்தால் புரியும்.

ஹோஸ்பேட்டிலிருந்து 13 கி.மீ. தள்ளி, துங்கபத்ரா ஆற்றின் தென்கரையில் இருக்கிறது ஹம்பி. பார்க்க வேண்டியவை மூன்று கொத்தாகக் கிடக்கின்றன. முதல் கொத்து விருபாக்ஷர் கோயில், அதன் முன்னே கடைவீதி, பக்கத்தில் ஹேமகூட மலை. இரண்டாவது, அங்கிருந்து தெற்கே கமலாபுரம் போகும் வழியில் அரண்மனைப் பகுதி: ஹசார ராமர் கோயில், மகாநவமி மேடை, படிக்குளம், தாமரை மஹால், யானைக் கொட்டில், ராணியின் குளியல் மண்டபம். மூன்றாவது, வடகிழக்கே ஆற்றோரம் தனியாக நிற்கும் விட்டலர் கோயில். ஐம்பது ரூபாய் நோட்டில் இருக்கும் கல்தேர் அங்கேதான்.

சிக்கல் மூன்றாவதில் தொடங்குகிறது. கடைவீதியிலிருந்து விட்டலர் கோயிலுக்கு ஆற்றோரப் பாதையில் நடந்தால் சுமார் 2 கி.மீ.தான். வண்டியில் போவதென்றால் கமலாபுரம் வரை இறங்கிச் சுற்றி ஒன்பது பத்துக் கி.மீ. போக வேண்டும். போய் இறங்கினாலும் கோயில் வாசலில் இறங்க முடியாது. வண்டிகளைச் சுமார் ஒரு கி.மீ. முன்னாலேயே நிறுத்திவிடுவார்கள், மிச்சத்துக்குப் பேட்டரி வண்டி, இல்லையென்றால் நடை. சனி, ஞாயிறுகளில் பேட்டரி வண்டி வரிசையே அரை மணி நேரத்தைத் தின்றுவிடும். எந்த ஏற்பாட்டையும் எடைபோடும்போது, இந்த 2 கி.மீ. நடையை அது எப்படிக் கையாள்கிறது என்று பார்த்தாலே பாதித் தெளிவு வந்துவிடும்.

சுற்றுலாப் பேருந்து

பேருந்தில் போனால் யோசிக்க வேண்டிய வேலை இல்லை. காலையில் ஏற்றி, இரவில் இறக்கிவிடுவார்கள். சாப்பாடு, கழிப்பறை, நுழைவுச்சீட்டு எல்லாம் அவர்கள் கவலை. வயதானவர்களோடு வருகிறவர்களும், எந்தக் கோயில் எங்கே என்று வரைபடம் பார்க்க விரும்பாதவர்களும் இதில் போவது தப்பில்லை.

பேருந்து ஆற்றோரப் பாதைக்கு வராது. ஆகவே அந்தப் பாதையில் இருக்கும் கோதண்டராமர் கோயில், கரை ஓரத்துப் பாறைகள், அரசர் துலாபாரம் என்று சொல்லப்படும் கல் வளைவு, கொஞ்சம் உள்ளே தள்ளி நிற்கும் அச்சுதராயர் கோயில், எதுவுமே கண்ணில் படாது. நாற்பது பேருக்கு ஒரு கைடு என்னும்போது, மகாநவமி மேடைக்கு முன்னால் அவர் பேசுவது முன்வரிசைப் பத்துப் பேருக்குக் கேட்கும். மற்றவர்கள் படம் எடுத்துக்கொண்டிருப்பார்கள். பெங்களூரிலிருந்து வரும் பல பயணத் திட்டங்களில் துங்கபத்ரா அணையும் சேர்ந்திருக்கும். அணைக்குப் போகும் நேரம் ஹம்பியின் கணக்கிலிருந்துதான் கழியும். முன்பதிவு செய்யும் முன் ஒன்று மட்டும் கேளுங்கள்: விட்டலர் கோயிலுக்கு எத்தனை மணிக்கு, அங்கே எவ்வளவு நேரம்? முக்கால் மணி நேரம் என்றால், பேட்டரி வண்டி வரிசை போக உள்ளே இருபது நிமிஷம் மிஞ்சும். அதற்கு ஐம்பது ரூபாய் நோட்டையே பார்த்துக்கொள்ளலாம்.

ஆட்டோ

ஹோஸ்பேட் ரயில் நிலையத்தை விட்டு வெளியே வந்ததும் ஆட்டோக்காரர்கள் பட விளக்கத்தோடு ஓர் அட்டையை நீட்டுவார்கள். அதில் இருபது முப்பது இடங்கள் இருக்கும். எண்ணிக்கையைக் கண்டு மயங்க வேண்டாம். அதில் பாதி, சாலையில் போகும்போதே தலையைத் திருப்பிப் பார்க்கிறவை.

ஆட்டோவின் பலம், நாம் சொல்லும் வரிசையில் போகும் என்பதுதான். பலவீனம், ஓட்டுநர் வாசலோடு நின்றுவிடுவார். சிலர் நன்றாகப் பேசுவார்கள், தெரிந்ததைச் சொல்வார்கள். ஆனால் அது கைடு வேலை அல்ல. தொகையைப் பேசும்போதே நான்கு விஷயங்களைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். எத்தனை மணி முதல் எத்தனை மணி வரை. எந்தெந்த இடம், எந்த வரிசையில். நிறுத்தக் கட்டணம் யாருடையது. நான்காவதுதான் முக்கியம்: மதியம் கடைவீதியில் இறக்கிவிட்டு, மாலை விட்டலர் கோயில் வண்டி நிறுத்தத்தில் வந்து ஏற்றிக்கொள்ள வேண்டும். கடைசி நேரத்தில் இதைச் சொன்னால் “அது வேற ரூட்டு சார்” என்று கூடுதலாகக் கேட்பார்கள். காலையிலேயே சொன்னால் பெரும்பாலும் ஒப்புக்கொள்வார்கள். ஓட்டுநரின் கைபேசி எண்ணை வாங்கிவைப்பதோடு, சந்திக்கும் நேரத்தையும் இடத்தையும் வாயால் பேசி முடித்துவிடுங்கள். பாறைகளுக்கு நடுவே சிக்னலை நம்பியிருக்க முடியாது.

ஒரு ஆட்டோவில் மூன்று பேர் வசதியாகப் போகலாம். நான்கு பேர், குழந்தைகள் என்றால் கார். ஆட்டோ போகாத இடத்துக்கு இங்கே காரும் போகாது. வெயில் தாங்குவதற்குத்தான் கூடுதல் காசு.

சைக்கிளும் ஸ்கூட்டரும்

சைக்கிள் கேட்க நன்றாக இருக்கும். நவம்பர் முதல் ஜனவரி வரை, காலை ஏழு மணிக்குக் கைடோடு சிறு குழுவாகக் கிளம்பிப் பதினொன்றுக்குள் முடித்தால் உண்மையிலேயே நன்றாக இருக்கும். அதைத் தாண்டினால் வாடகை சைக்கிளின் தேய்ந்த பிரேக்கும் கருவேல முள்ளும் சேர்ந்து நாளைக் கெடுக்கும். மூன்று கொத்தையும் சுற்ற இருபது கி.மீ.க்கு மேல் மிதிக்க வேண்டும், கடைவீதிக்கும் கமலாபுரத்துக்கும் நடுவே ஏற்ற இறக்கமும் உண்டு. ஆற்றோரப் பாதையில் பாறைப் படிகளில் சைக்கிளைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியிருக்கும்.

ஸ்கூட்டர் வேகமானது, ஆனால் விட்ட இடத்துக்கே திரும்பி வந்து எடுக்க வேண்டும். ஆகவே ஆற்றோர நடை ஒரு வழியாக இல்லாமல் போக வர 4 கி.மீ. ஆகிவிடும். வாடகை வண்டியில் பெட்ரோல் அடிமட்டத்தில்தான் இருக்கும். ஹம்பி ஊருக்குள் பங்க் கிடையாது. இரண்டு நாள் தங்குகிறவர்களுக்கு ஸ்கூட்டர் சரி. ஒரு நாளுக்கு வேண்டாம்.

கைடு எங்கே தேவை

கைடு வைத்துக்கொள்கிறவர்கள் பெரும்பாலும் விட்டலர் கோயிலுக்கு வைத்துக்கொள்கிறார்கள். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு அது தலைகீழான செலவு. யாளித் தூணும், குதிரை வீரர் தூணும், கல்யாண மண்டபமும் நமக்குப் புதிதல்ல. வேலூர் ஜலகண்டேசுவரர் கோயில் மண்டபத்தையும், ஸ்ரீரங்கத்துச் சேஷராயர் மண்டபத்தையும் பார்த்தவர்கள், இது அதே கை என்று கண்ட மாத்திரத்தில் சொல்லிவிடுவார்கள். இசைத்தூணும் அப்படியே, நெல்லையப்பர் கோயிலிலும் சுசீந்திரத்திலும் கேட்டது. விட்டலர் கோயிலில் தூணைத் தட்டிப் பார்க்க இப்போது அனுமதியும் இல்லை. வெள்ளைக்காரன் உள்ளே என்ன இருக்கிறது என்று இரண்டு தூணை அறுத்துப் பார்த்தான் என்ற கதையை எல்லா கைடுகளும் சொல்வார்கள். அந்தக் கதைக்காகக் காசு கொடுக்க வேண்டியதில்லை.

அரண்மனைப் பகுதியில் கைடு இல்லாமல் போனால்தான் நஷ்டம். 1565 ஜனவரியில் தலைக்கோட்டைப் போரில் விஜயநகரப் படை தோற்ற பிறகு நகரம் மாதக்கணக்கில் சூறையாடப்பட்டது. அரண்மனைகளின் மேற்கட்டுமானம் மரம், அது போய்விட்டது. இருப்பது கல் அடித்தளங்கள் மட்டும். தெரியாதவர் கண்ணுக்கு அது பெரிய காலி மைதானம். பத்து நிமிஷத்தில் “அடுத்து எங்கே” என்று கேட்டுவிடுவார். தெரிந்தவர் ஒருவர் கூட இருந்தால், வரிசைக்குப் பத்தாகப் பத்து வரிசையில் கிடக்கும் தூண் அடித்தளங்களைக் காட்டி, இது நூறு மரத்தூண் நின்ற அரசவை என்பார். மரக்கதவு போலவே செதுக்கிய ஒற்றைக்கல் கதவு ஒன்று தரையில் சாய்ந்து கிடப்பதைக் காட்டுவார். படிக்குளத்துக்குக் கூட்டிப் போய்க் குனியச் சொல்வார். 1980களில் மண்ணைத் தோண்டி எடுத்த குளம் அது. ஐந்து அடுக்காகக் கறுப்புக் கல் படிகள். அந்தக் கற்களில் சின்னச் சின்ன எழுத்துகள் வெட்டியிருக்கும். இந்தக் கல் எந்தத் திசையில், எத்தனையாவது வரிசையில், எந்த இடத்தில் உட்கார வேண்டும் என்ற குறிப்பு. வேறெங்கோ செதுக்கிக் கொண்டுவந்து இங்கே பொருத்தியிருக்கிறார்கள். கொத்தனார் குறித்து வைத்த கணக்கு ஐந்நூறு வருஷம் கழித்தும் படிக்கும்படி இருக்கிறது. தானாக இதைக் கவனித்துவிடுகிறவர்கள் அபூர்வம்.

மகாநவமி மேடையும் அப்படித்தான். மேலே ஏறிப் படம் எடுத்துக்கொண்டு இறங்குகிறவர்களே அதிகம். பக்கச் சுவர்களில்தான் விஷயம்: யானை, ஒட்டகம், வேட்டை, தொப்பி வைத்த வெளிநாட்டார், குதிரை கொண்டுவரும் வணிகர். 1520ஐ ஒட்டி இங்கே வந்த போர்த்துக்கீசியர் டொமிங்கோ பயஸ், மகாநவமியின் ஒன்பது நாள் விழாவை நேரில் பார்த்து எழுதி வைத்திருக்கிறார். அவர் எழுதியதையும் இந்தச் சிற்பங்களையும் ஒட்டிச் சொல்லத் தெரிந்த கைடு கிடைத்தால், கொடுத்த காசு அங்கேயே கழிந்துவிடும்.

கைடு தேர்வுக்கு ஒரு குறுக்கு வழி. கர்நாடகச் சுற்றுலாத் துறை அடையாள அட்டை இருக்கிறதா என்று முதலில் பாருங்கள், பிறகு, “கல்தேர் ஒரே கல்லா?” என்று கேளுங்கள். ஆமாம் என்றால் வேறு ஆளைத் தேடலாம். அது கருடன் சன்னதி. பல கற்களை மூட்டு தெரியாமல் பொருத்திக் கட்டியது. மேலே செங்கல் விமானம் ஒன்றும் இருந்தது. 1856இல் அலெக்சாண்டர் கிரீன்லா எடுத்த புகைப்படத்தில் அது தெரிகிறது. முன்னால் இழுக்கும் யானைகளும் பிற்பாடு கொண்டுவந்து வைத்தவை. முதலில் இருந்தவை குதிரைகள். யானைக்குப் பின்னால் எட்டிப் பார்த்தால் குதிரையின் பின்னங்காலும் வாலும் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கும். இதைச் சொல்கிற கைடு கல்லைப் பார்த்தவர். மற்றவர் அட்டையைப் படித்தவர்.

கன்னடம், ஆங்கிலம், இந்தி பேசும் கைடுகள் எளிதில் கிடைப்பார்கள். தமிழ் வேண்டுமென்றால் நாலைந்து நாள் முன்பே தங்குமிடத்திலோ ஆட்டோக்காரரிடமோ சொல்லி வைக்க வேண்டும். அரை நாளா முழு நாளா, எத்தனை பேர் என்பதைப் பொறுத்துக் கட்டணம் மாறும். இரண்டு குடும்பமாகப் போனால் கைடு செலவு தலைக்குக் கம்மிதான்.

நேரக் கணக்கு

மேலே சொன்ன ஏற்பாடு நடைமுறையில் எப்படி ஓடும் என்றால்: காலை ஏழுக்குள் ஹோஸ்பேட்டில் ஆட்டோ பேசி, ஏழரைக்குக் கைடோடு மகாநவமி மேடை, படிக்குளம், பிறகு ஹசார ராமர் கோயில். இவை டிக்கெட் இல்லாத திறந்தவெளி. நிழல் ஒரு பொட்டு கிடையாது; அதனால்தான் இதை முதலில் வைக்க வேண்டும். பேருந்துகள் இதை மதியம் வைப்பதால் அந்த நேரத்தில் ஆட்கள் சுவரோரம் ஒண்டிக்கொண்டு நிற்பதைப் பார்க்கலாம். ஹசார ராமர் கோயிலில் வெளிச்சுவரில் அடுக்கடுக்காக யானை, குதிரை, படைவீரர், ஆடல் மகளிர். உள்ளே ராமாயணம் முழுதும் கதை வரிசையில் ஓடும். எந்தப் பக்கம் தொடங்கி எப்படிச் சுற்றிப் படிப்பது என்று கைடு காட்ட வேண்டும். மண்டபத்தின் நடுவே பளபளவென்று இழைத்த நான்கு கரும் தூண்களை மறக்க வேண்டாம்.

எட்டரைக்குத் தாமரை மஹால் வளாகம் திறக்கும். யானைக் கொட்டிலும் அதன் பக்கத்தில்தான், பதினோரு அறை. இங்கே வாங்கும் டிக்கெட் (இந்தியர்களுக்கு 40 ரூபாய்) அன்றைக்கே விட்டலர் கோயிலுக்கும் செல்லும். கசக்கிப் போட்டுவிட்டு மாலையில் இன்னொரு முறை வாங்குகிறவர்கள் தினமும் உண்டு.

அங்கிருந்து கடைவீதி நோக்கி வரும்போது சாலையோரம் லட்சுமி நரசிம்மர், பக்கத்தில் எப்போதும் தண்ணீரில் நிற்கும் படவ லிங்கம். நரசிம்மர் 6.7 மீட்டர், 1528இல் ஒரே பாறையில் செதுக்கியது. உக்கிர நரசிம்மர் என்று பலர் சொல்வது சரியல்ல. மடியில் லட்சுமி இருந்தார், உடைக்கப்பட்டுவிட்டார். சுற்றிப் பின்பக்கம் பார்த்தால், நரசிம்மரை அணைத்த அவருடைய கை மட்டும் இன்னும் முதுகில் இருக்கிறது. பக்கத்திலேயே கிருஷ்ணன் கோயில். உதயகிரியை வென்ற கிருஷ்ணதேவராயர் அங்கிருந்து கொண்டுவந்த பாலகிருஷ்ணனுக்குக் கட்டியது. கருவறை இப்போது காலி. அந்தச் சிலையைப் பார்க்கச் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்துக்குத்தான் போக வேண்டும்.

கடலேகாளு (கடலை) கணேசர், சாசிவெகாளு (கடுகு) கணேசர் இருவரையும் பார்த்து, பதினொன்றரைக்குள் விருபாக்ஷர் கோயிலுக்குள் நுழைந்துவிடுங்கள். பூஜை நடக்கும் கோயில் என்பதால் மதியம் நடை சாத்துவார்கள். காலணியைக் கழற்ற வேண்டிய இடமும் பெரும்பாலும் இது ஒன்றுதான். மார்ச் முதல் மே வரை கல்தரை காலைப் பொரிக்கும். ஒரு ஜோடிச் சாக்ஸ் இருந்தால் போதும். கருவறைக்குப் பின்னால் உள்ள அறையில் ராஜகோபுரத்தின் நிழல் தலைகீழாகச் சுவரில் விழும். சின்னத் துளை வழியே வெளிச்சம் வருவதால் ஆகிற வேலை. வானம் மூடியிருந்தால் மங்கிவிடும். கைடை இதோடு அனுப்பிவிடலாம்.

சாப்பாடு கோயிலை ஒட்டிய தெருக்களில். சைவம்தான். விட்டலர் கோயில் பக்கம் இளநீர், மோர் தவிர வேறு எதையும் நம்பிப் போக வேண்டாம். தலைக்கு இரண்டு லிட்டர் தண்ணீர் இங்கேயே வாங்கிக்கொள்ளுங்கள்.

மூன்று மணிக்கு நடை. கடைவீதியின் கிழக்கு முனையில் பெரிய கல் நந்தி, அங்கிருந்து ஆற்றை இடக்கைப்பக்கம் வைத்துக்கொண்டு போக வேண்டும். நிற்காமல் போனால் நாற்பது நிமிஷம், நின்று பார்த்தால் ஒன்றரை மணி நேரம். நாலரைக்கு விட்டலர் கோயிலில் இருக்கலாம். கோடையில் இந்த வரிசை உதவாது. மார்ச்சுக்கு மேல் வருகிறவர்கள் காலை ஏழுக்கு ஆற்றோரம் நடந்து, எட்டரைக்கு விட்டலர் கோயில் திறக்கும்போது நின்று, அரண்மனைப் பகுதியை மாலை நாலு மணிக்கு மேல் வைத்துக்கொள்ள வேண்டும். கைடையும் அந்த நேரத்துக்கே சொல்லுங்கள். மழைக்காலத்தில் இன்னொரு விஷயம். அணையில் தண்ணீர் திறந்தால் பாதையின் தாழ்வான பகுதிகள் மூழ்கும். விட்டலர் கோயிலுக்குக் கீழே ஆற்றுக்குள் நிற்கும் புரந்தரதாசர் மண்டபம் மறைந்திருந்தால், அன்றைக்கு நடை இல்லை, சாலை வழிதான். பரிசலும் ஓடாது.

எதிர்க்கரை ஆனேகுந்தியையும், 575 படி ஏறும் அஞ்சனாத்ரி மலையையும் இதே நாளில் சேர்க்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. சேர்த்தால் விட்டலர் கோயிலோ அரண்மனையோ ஏதாவது ஒன்று போகும். அனுமன் பிறந்த இடம் என்று அதற்காகவே வருகிறவர்கள் அரண்மனைப் பகுதியைக் கைவிட்டு, கைடு இல்லாமல் ஆட்டோவோடு போகலாம். கமலாபுரம் அருங்காட்சியகம் வெள்ளிக்கிழமை மூடியிருக்கும். மற்ற நாட்களில் அங்கே உள்ள ஹம்பி நில மாதிரியைப் பதினைந்து நிமிஷம் பார்த்துவிட்டுச் சுற்றத் தொடங்கினால், மூன்று கொத்தும் எப்படிச் சேர்ந்திருக்கிறது என்பது தலையில் நிற்கும்.

முதியவர்கள் உடன் இருந்தால் நடையை விட்டுவிட்டு ஆட்டோவிலேயே சுற்றி வாருங்கள். ஆனால் விட்டலர் கோயிலுக்கு மூன்று மணிக்கே போய்விடுங்கள். மாலையில் திரும்பும் பேட்டரி வண்டிக்குத்தான் நெரிசல் அதிகம். மூடும் நேரம் வரை உள்ளே இருந்துவிட்டு எல்லாரும் ஒரே சமயத்தில் வெளியே வருவார்கள். நடக்கிறவர்களுக்கு அந்த ஒரு கி.மீ. கஷ்டமில்லை: வழியெல்லாம் பழைய விட்டலர் கடைவீதியின் தூண் வரிசையும் தெப்பக்குளமும் பார்த்துக்கொண்டே ஆட்டோ நிற்கும் இடத்துக்குப் பதினைந்து நிமிஷத்தில் வந்துவிடலாம்.